இரவைக் காட்டிய தொடர்

‘தி ரயில்வே மென்’ தொடரைப் பார்த்த என் மாணவர் ஒருவர், “காற்றைவிட வேகமாக ஓடியிருந்தால் தப்பியிருக்கலாமே, சார்?” என்று கேட்டார். நல்ல கேள்வி. ஆனால் அதற்கு முந்திய கேள்வி ஒன்று உண்டு: வாயு ஏன் வெளியே வந்தது? அந்தக் கேள்வியைக் கொண்டே இத்தொடரை எடை போட விரும்புகிறேன்.

2023இல் நெட்ஃபிளிக்ஸில் வெளியான இந்த நான்கு பகுதித் தொடர், 1984 டிசம்பர் 2ஆம் தேதி நள்ளிரவில் போபால் ரயில் நிலையத்தில் நடந்ததைச் சொல்கிறது. தம் உயிரைப் பொருட்படுத்தாமல் ரயிலை முன்னதாகவே அனுப்பிவைத்த துணை நிலைய அதிகாரி குலாம் தஸ்தகீரை நினைவூட்டும் பாத்திரத்தில் கே கே மேனன் மிக அடக்கமாக நடித்திருக்கிறார். மூச்சுத் திணறும் நடைமேடைக் காட்சிகள் எளிதில் மறக்கக்கூடியவை அல்ல.

நடைமேடையில் அவ்வளவு பேர் விழுந்தது ஏன்? மார்கழி விடியலில் நம் திருவண்ணாமலை மலையடிவாரத்தில் அடுப்புப் புகை மேலே எழாமல் படுக்கையாகக் கிடப்பதைப் பார்த்திருப்பீர்கள். தரையை ஒட்டிய காற்று குளிர்ந்து கனத்துவிடுவதே காரணம். போபாலிலும் அது குளிர்கால இரவு. மேலும், மீத்தைல் ஐசோசயனேட் வாயு காற்றைப்போல் ஏறத்தாழ இரு மடங்கு அடர்த்தி உடையது. எனவே அது குடிசைகளின் மீதே கவிந்தது.

இனி முதற்கேள்விக்கு வருவோம். யூனியன் கார்பைடு ஆலையின் 610ஆம் எண் தொட்டியில் சுமார் 40 டன் திரவம் இருந்தது. அதில் தண்ணீர் புகுந்து வெப்பம் பெருகியது. திரவத்தைக் குளிர்விக்க வேண்டிய இயந்திரம் பல மாதங்களுக்கு முன்பே நிறுத்தப்பட்டிருந்தது. கசியும் வாயுவை எரிக்கும் கோபுரத்தின் குழாய் பழுதுபார்ப்புக்காகக் கழற்றப்பட்டிருந்தது. வாயுவைக் கழுவும் காஸ்டிக் சோடா அமைப்பும் காப்பாற்றவில்லை. ஆகவே இது விதியன்று. சிக்கனமும் அலட்சியமும் சேர்ந்து செய்த வேலை.

ஆலையின் அலட்சியத்தைத் தொடர் மறைக்கவில்லை. ஆயினும் பரபரப்பின் வேகத்தில் அது கரைந்துபோகிறது. கற்பனையான கொள்ளைக்காரன் ஒருவனுக்குக் கொடுத்த நேரத்தில் பாதியையாவது அந்தக் குளிர்பதன இயந்திரத்துக்குக் கொடுத்திருக்கலாம்! வீரரைப் போற்றுவது நன்று. ஆனால் வீரர் தேவைப்படாத ஆலையை அமைப்பதே அறிவியலின் கடமை.

அந்த இரவோடு கதையும் முடியவில்லை. 1989இல் 47 கோடி டாலர் இழப்பீட்டில் வழக்கு சமரசமானது. ஆலையில் கிடந்த சுமார் 337 டன் நச்சுக் கழிவு, 40 ஆண்டுகள் கழித்து, 2025 ஜனவரியில்தான் அங்கிருந்து அகற்றப்பட்டது.

தொடரைப் பாருங்கள். பார்த்து முடித்ததும், உங்கள் ஊர் ஆலையிலும் ஆய்வுக்கூடத்திலும் பாதுகாப்புக் கருவிகள் இயங்குகின்றனவா என்று கேளுங்கள்.