நெருப்பெலியின் மயிர்: சீவகசிந்தாமணியும் ஜப்பானிய மூங்கில்வெட்டி கதையும்

முன்னுரை

தீயில் வாழும் எலி, அதன் மயிரால் நெய்த எரியாத ஆடை என்னும் கற்பனை கிழக்காசிய இலக்கியங்களில் நன்கறியப்பட்டதாகும். தமிழிலும் அதற்கு இணையான குறிப்பு உண்டு. திருத்தக்கதேவர் சீவகசிந்தாமணியின் முத்தியிலம்பகத்தில், பருவ இன்பங்களைப் புனையுமிடத்துத் தீயை உணவாகக் கொள்ளும் செந்நிற எலியின் மயிராலாகிய கம்பலத்தைக் குறிப்பிடுகிறார். ஜப்பானின் ‘தக்கெத்தோரி மோனொகத்தாரி’ என்னும் மூங்கில்வெட்டி கதையும் ஏறத்தாழ இக்காலத்தை ஒட்டியதே. இவ்விரு நூல்களிலும் அம்மயிர் ஆற்றும் பணி ஒன்றன்று.

கல்நார் என்னும் விளக்கம்

இத்தகைய குறிப்புகளைப் படிப்போர்க்கு இரு வழிகள் எளிதில் திறக்கின்றன. ஒன்று, உயர்வு நவிற்சி எனக் கொண்டு கடந்து செல்வது. மற்றொன்று, கல்நாரைப் பண்டையோர் அறிந்திருந்தமைக்குச் சான்றாகக் கொள்வது. இரண்டாவது வழிக்கு அடிப்படை இல்லாமலில்லை. அழுக்கேறின் தீயிலிட்டு வெளுக்கும் துணியைச் சீனர் ‘தீயில் கழுவும் துணி’ என்றனர். வேய் அரசர் சாவ் பீ அத்தகைய பொருள் இருத்தல் இயலாது என எழுதினார். அவர் மறைவுக்குப் பின் 239ஆம் ஆண்டில் மேற்கு நாட்டினர் அத்துணியை வேய் அரசவைக்கே கொண்டுவந்து அளித்தனர். மார்க்கோ போலோவும் இது விலங்கின் மயிரன்று, மலையில் அகழ்ந்தெடுக்கும் கனிமத்தின் நார் என்றார்.

ஆயினும் பொருளை அடையாளங்காண்பது பாடலை விளக்குவதாகாது. கல்நார்த் துணியின் சிறப்பு எரியாமையும் தீயில் வெளுத்தலும் ஆகும். சிந்தாமணி இவ்விரண்டையும் பேசவில்லை. அது பேசுவன செந்நிறமும் பொன்னொளியும். நெருப்பில் இருக்குங்கால் சிவந்தும் வெளிவருங்கால் வெளுத்தும் தோன்றும் எலியைச் சீன மரபு ஒன்று கூறுகிறது. தமிழ்க் குறிப்பு கல்நாரைவிட அக்கதை மரபுக்கே நெருக்கமாக நிற்கிறது.

சோதனைப் பொருளாகும் மயிர்

ஜப்பானியக் கதையில் ககுயா ஹிமே தன்னை மணக்க விரும்பிய ஐவர்க்கும் பெறற்கரிய பொருள் ஒவ்வொன்றைக் கேட்கிறாள். அபே என்னும் செல்வமிக்க அமைச்சரிடம் கேட்டது தீயெலித் தோலாடை. அவர் அதைத் தேடிச் செல்வதில்லை; சீன வணிகன் ஒருவனுக்குப் பொன் அனுப்புகிறார். இப்பொருள் தன் நாட்டில் இல்லை என்கிறான் அவன். பின்னர், முன்னொரு காலத்தில் இந்தியத் துறவி ஒருவர் கொண்டுவந்தது கிடைத்ததாகக் கூறி மேலும் பொன் கேட்கிறான். வந்து சேர்ந்த ஆடை ஆழ்ந்த நீலநிறம். மயிர் நுனிகள் பொன்னென ஒளிர்கின்றன. தீயிலிட்டவுடன் அது எரிந்துபோகிறது.

இங்கு நெருப்பு சோதிப்பது ஆடையை மட்டுமன்று; காதலையும் பொன்னால் வாங்கலாம் என்னும் நம்பிக்கையையும் சோதிக்கிறது. ஆடையின் அழகே ஐயத்தைத் தணிக்கும் திரையாக அமைகிறது. ஜப்பானியர்க்குச் சீனமும், சீன வணிகனுக்கு இந்தியாவும் அப்பொருளின் பிறப்பிடமாவது கருதத்தக்கது. அற்புதம் எப்போதும் அடுத்த நாட்டினதாகவே இருக்கிறது.

நுகர்பொருளாகும் மயிர்

சிந்தாமணியில் அக்கம்பலம் தீயிலிடப்படுவதில்லை. குளிர் நீக்கும் நுகர்பொருளாகவே அது வருகிறது. எலி உண்ட நெருப்பு மயிரின் நிறமாகி, போர்த்தியவரின் வெம்மையாகிறது. உண்ணல், நிறம், வெம்மை என்னும் இத்தொடர்ச்சியே பாடலின் நயம். நூலின் மற்றோரிடத்தில் மலையுச்சியில் வாழும், பூனையினும் பெரிய, பவழம் போன்ற எலிகள் வருணிக்கப்படுகின்றன. அங்கு நெருப்பு இல்லை. நிறமே ஒப்புமைக்கு உரியதாகிறது. ஆகவே இரண்டையும் ஒரே விலங்கெனக் கொள்ளுதல் ஆராய்தற்குரியது.

கம்பலம் இடம்பெறும் சூழலும் கருதத்தக்கது. சீவகன் துறவு பூண்டு வீடுபேறு எய்துவதைக் கூறும் இலம்பகத்திலேயே இந்நுகர்ச்சி விரிகிறது. கிடைத்தற்கரிய பொருளும் எளிதில் கைவந்த வாழ்வையே அவன் துறக்கிறான். கம்பலம் போலியென்றால் துறவின் எடை குறையும். எனவே அதன் மெய்ம்மையை ஐயுறக் காப்பியத்திற்குத் தேவை எழவில்லை.

முடிவுரை

ஜப்பானியக் கதையில் மயிர் எரிவதால் பொருள் பெறுகிறது. தமிழ்க் காப்பியத்தில் துறக்கப்படும் செல்வத்தின் பகுதியாதலால் பொருள் பெறுகிறது. இரண்டையும் ‘கல்நார்’ என்னும் ஒரு சொல்லால் விளக்கினால் இவ்வேறுபாடு மறைந்துவிடும். உரை எழுதுவோரும் அகராதி தொகுப்போரும் எலிமயிர்க் கம்பலத்திற்கு ஒற்றைப் பொருள் வரையுமுன், அது வருமிடந்தோறும் அதன் பணியைத் தனித்தனியே நோக்குதல் வேண்டும்.