விலங்கின் முதுகில் ஒரு மிம்பர்

2023ஆம் ஆண்டு மே 27ஆம் நாள் அரிக்கொம்பன் என்னும் காட்டு யானை கம்பம் நகருக்குள் புகுந்தது. அதற்கு முந்திய மாதம் சின்னக்கானலில் பிடிக்கப்பட்டுப் பெரியாறு புலிகள் காப்பகத்தில் விடப்பட்ட யானை அது. தெருக்களில் அது மிரண்டோடிய காட்சிகள் அன்றே இணையத்தில் பரவின. ஜெயமங்கலத்திலிருந்து நாமும் அவற்றைக் கண்டோம், பிறருக்கும் அனுப்பினோம். எனவே இத்திறனாய்வு நம்மையும் உள்ளடக்கியதே.

அக்காட்சிகளில் யானைக்கு இரண்டு வேடங்களே தரப்பட்டன. திரையிசை சேர்த்த பதிவுகளில் அது கதாநாயகன். கூச்சல் நிறைந்த பதிவுகளில் வில்லன். வழி தெரியாமல் தவிக்கும் ஓர் உயிராக அது காட்டப்பட்டது அரிது. ஆளில்லாச் சிறு விமானத்தைப் பறக்கவிட்டு அதனை மிரளச் செய்ததாக யூடியூபர் ஒருவர் கைதானார். யானையால் காயமுற்ற ஒருவர் சில நாள்களில் உயிரிழந்தார். மிரண்ட விலங்கை மேலும் மிரட்டுவது மனிதருக்கும் கேடு.

‘படம்பிடித்தோர் யானையைத் தொடவில்லையே, மக்களை எச்சரிக்கத்தானே செய்தனர்?’ என வாதிடலாம். எச்சரிக்கைக்கு ஓரிரு சொற்கள் போதும். யானையின் இருப்பிடத்தை அறிய வனத்துறை அணிவித்த ரேடியோ கழுத்துப்பட்டையும் இருந்தது. தொடவில்லை என்னும் வாதத்திற்கோ சுனன் அபூதாவூதில் விடையுண்டு. இப்னு மஸ்ஊத் (ரலி) அவர்கள் வழிவந்த ஹதீஸ் அது. பயணமொன்றில் தோழர்கள் சிலர் ஒரு சிறு பறவையின் இரு குஞ்சுகளை எடுத்துவிடுகின்றனர்; தாய்ப்பறவை சிறகடித்துத் தவிக்கிறது. அதைக் கண்ட நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் குஞ்சுகளைத் திருப்பித் தருமாறு பணித்தார்கள். தாயின் உடலில் காயம் ஏதுமில்லை; அதன் பதைப்பே தீங்கெனக் கொள்ளப்பட்டது.

அதே நூலில் அபூஹுரைரா (ரலி) அவர்கள் அறிவிக்கும் மற்றொரு ஹதீஸ், வாகனப் பிராணிகளின் முதுகுகளை மிம்பர்களாக்கிக் கொள்வதைத் தடுக்கிறது. பயணத்திற்காகவே அவை நமக்கு வசப்படுத்தித் தரப்பட்டுள்ளன. தேவையின்றி முதுகில் அமர்ந்து பேசிக்கொண்டிருப்பது அவற்றின் மீது பாரமேற்றுவதாகும் என்பது அதன் கருத்து. சுமப்பதற்கென்றே தரப்பட்ட பிராணிக்கு இவ்வரையறை உண்டெனில், காட்டு யானையின் அச்சத்தின் மீதேறி நின்று பார்வையாளர் கூட்டம் சேர்ப்பதற்கு எந்த அனுமதியை நாம் காட்டுவோம்?

ஜூன் 5ஆம் நாள் அதனை மீண்டும் மயக்க ஊசி செலுத்திப் பிடித்துக் களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகத்திற்குக் கொண்டு சென்றனர். ஒரு காட்சியைப் பகிருமுன், அது எடுக்கப்பட்ட கணத்தில் அவ்வுயிர் என்ன பாடுபட்டது என்று கேட்பது நம் கடமை. அன்று நாம் அதைக் கேட்கவில்லை, அல்லாஹ் பொறுத்தருள்வானாக.