அடிமையும் ஆண்டானும்: நேன் கோல்டின் ஆவணப்படத்தில் தன்வரலாற்றுச் சான்றுரை

முன்னுரை

போதைப்பழக்கத்திற்கு ஆட்பட்டவரைத் தமிழ் ‘போதைக்கு அடிமை’ என வழங்குகிறது. அடிமை என்னும் சொல் ஆண்டானை அவாவி நிற்பது. ஆயினும் வழக்கில் ஆண்டானாகச் சுட்டப்பெறுவது உயிரற்ற பொருளே. அதனை ஆக்கியோரும் விற்றோரும் அத்தொடருக்கு வெளியே நின்றுவிடுகின்றனர். லாரா போய்ட்ராஸ் இயக்கி, 2022இல் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது பெற்ற ‘ஆல் தி பியூட்டி அண்ட் தி பிளட்ஷெட்’ என்னும் ஆவணப்படம் இவ்விடைவெளியை எங்ஙனம் எதிர்கொள்கிறது என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

சான்றுரையின் குரல்

அமெரிக்க ஒளிப்படக் கலைஞர் நேன் கோல்டினுக்கு 2014இல் பெர்லினில் அறுவைச் சிகிச்சையின் பொருட்டு ஆக்ஸிகான்டின் என்னும் வலிநீக்கி மாத்திரை பரிந்துரைக்கப்பட்டது. அதுவே அவரைப் பிணித்தது. மீண்டு வந்த அவர், 2018 ஜனவரியில் தம் அனுபவத்தை ஆர்ட்ஃபோரம் இதழில் வெளிப்படுத்தினார். படத்தில் அவர் வரலாற்றை மருத்துவரோ சமூக ஆய்வாளரோ எடுத்துரைப்பதில்லை. அவர் குரலும் அவர் எடுத்த ஒளிப்படங்களுமே அதனைச் சொல்கின்றன. போதையுற்றோரைப் பிறர் நோக்கும் பார்வையின் இரக்கமும் அருவருப்பும் இதனால் விலகுகின்றன.

வெட்கத்தின் இடமாற்றம்

கோல்டினின் தமக்கை பார்பரா 1965இல் தற்கொலை செய்துகொண்டார். படத்தின் தலைப்பே அவருடைய மருத்துவமனைப் பதிவேட்டிலிருந்து பெறப்பட்டது. குடும்பம் மறைத்த அச்சாவையும் போதைத்துயரையும் படம் அருகருகே வைக்கிறது. வெட்கத்தால் விளையும் மௌனமே இரண்டையும் இணைக்கும் சரடு. மறுபுறம், மாத்திரையைத் தயாரித்த பர்டியூ ஃபார்மாவின் உரிமையாளரான சாக்லர் குடும்பத்தின் பெயர் அருங்காட்சியகங்களில் கொடைப்பெயராக ஒளிர்ந்தது. 2018 மார்ச்சில் நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தின் நீர்நிலையில் கோல்டினின் குழுவினர் மாத்திரைக் குப்பிகளை வீசினர். 2021 டிசம்பரில் அக்குடும்பப் பெயரை நீக்குவதாக அருங்காட்சியகம் அறிவித்தது. நோயுற்றவர் சுமந்த வெட்கம் கொடையாளர் பெயரின்மேல் ஏறுகிறது.

வரம்பு

இவ்விடமாற்றத்திற்குக் கோல்டினின் புகழும் துணைநின்றது. 2019இல் சாக்லர் அறக்கட்டளையின் கொடையை ஏற்றால் தம் கண்காட்சியை அனுமதிப்பதில்லை என லண்டன் தேசிய உருவப்பட அருங்காட்சியகத்திடம் கூற அவரால் முடிந்தது. பெயரறியா நோயாளிக்கு அவ்வலிமை இல்லை. இணையவழி விசாரணைக் காட்சி இக்குறையை ஓரளவு ஈடுசெய்கிறது. அதில் பிள்ளையை இழந்த பெற்றோர் பேச, சாக்லர் குடும்பத்தினர் கேட்டிருக்க நேர்கிறது. ஆயினும் அக்காட்சி படத்தில் ஒரு பகுதியே.

மேலும், மருத்துவர் பரிந்துரையால் அடிமையானவரைக் குற்றமற்றவர் எனக் காட்டும் வாதம், தாமே போதைப்பொருளை நாடியவரைக் குற்றவாளி எனக் கொள்ள இடந்தரக்கூடும். தம் இளமைக்கால ஹெராயின் பழக்கத்தையும் கோல்டின் மறைக்காமையால் படம் இவ்விடரைத் தவிர்க்கிறது.

முடிவுரை

தன் துயரைப் பகிர்தல் இங்குப் பாவமன்னிப்புக் கோருதல் அன்று, வழக்குரைத்தல். அடிமை தன் ஆண்டானைப் பெயர் சொல்லி அழைப்பதே இப்படத்தின் அறம். அந்த உரிமை புகழில்லாதோர்க்கும் வாய்க்குமா என்னும் வினாவைப் படம் எழுப்புகிறது. ஆனால் முழுமையாக விடையளிக்கவில்லை.