அரிதானதும் உயர்ந்ததும்

மேலங்கியின் பையில் வெளித்தெரியாமல் அடங்கும் சிறு கைத்துப்பாக்கிகளுள் பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பாதியைச் சேர்ந்தவை ஏலத்துக்கு வரும்போதெல்லாம், பட்டியல்களில் ஒரு வாதம் சலிப்பின்றி முன்வைக்கப்படுகிறது. எஞ்சியிருப்பவை மிகச் சில என்பதால் அவை வரலாற்றில் முதன்மையானவை என்பதே அந்த வாதம். சேகரிப்பாளர்களும் தாம் செலவிடும் பெருந்தொகைக்கு இதையே நியாயமாகக் காட்டுகின்றனர். வாதத்தின் முற்பாதி உண்மைதான் என்றாலும் அதிலிருந்து பிற்பாதி பிறப்பதில்லை.

சேகரிப்பாளர்களின் உழைப்பைக் குறைத்து மதிப்பதற்கில்லை. குழலின் நீளம், முத்திரையின் எழுத்து, வரிசை எண் ஆகியவற்றை ஒப்பிட்டு ஒரு மாதிரியின் உட்பிரிவுகளைப் பிரித்தறிந்தவர்கள் பெரும்பாலும் அவர்களே. நார்ம் ஃபிளேடர்மன் 1977இல் வெளியிட்ட வழிகாட்டி நூல் போன்றவை அந்த உழைப்பின் மேல்தான் நிற்கின்றன. இக்கருவிகளின் வேலைப்பாடு கண்ணைக் கவர்வது என்பதிலும் ஐயமில்லை.

ஆயினும் அளவுகோலே கோணலாக இருக்கும்போது அளப்பவரின் கவனம் பயன்தருவதில்லை. சாமுவேல் கோல்ட் 1836இல் காப்புரிமை பெற்று, நியூ ஜெர்சி மாநிலத்தின் பேட்டர்சன் நகரில் செய்வித்த சுழல் துப்பாக்கிகளுள் மிகச் சிறியதை, சேகரிப்பாளர்கள் ‘பேபி பேட்டர்சன்’ என்று செல்லமாக அழைக்கின்றனர். அது .28 அங்குலக் குண்டைச் சுடுவது. குண்டும் மருந்தும் அடைக்கும் ஐந்து அறைகள் ஒரு சுழலும் உருளையில் அமைந்திருக்க, சுத்தியலைப் பின்னுக்கு இழுத்தால் மட்டுமே விசை கீழிறங்கி வெளிப்படும். செய்யப்பட்டவை ஏறத்தாழ 500 மட்டுமே. இந்த எண்ணிக்கையைப் புகழும் பட்டியல்கள், அது ஏன் 500ஓடு நின்றது என்று கேட்பதில்லை. அடைப்புக் கோல், அதாவது குண்டை அறைக்குள் அழுத்தும் நெம்புகோல், பேட்டர்சன் ஆலையில் 1839க்குப் பிறகே துப்பாக்கியோடு இணைக்கப்பட்டது. அதற்கு முன் செய்யப்பட்டவற்றில் மறுபடி மருந்தடைக்க விரும்பியவர் குழலைக் கழற்றி உருளையை வெளியே எடுக்க வேண்டியிருந்தது. பொறி நுணுக்கமாகவும் எளிதில் பழுதடைவதாகவும் இருந்தது, விலையும் அதிகம். 1842இல் ஆலை நொடித்துப்போனது. விற்காத சரக்கின் எச்சமே இன்று அபூர்வம் என்ற பெயரில் ஏலத்துக்கு வருகிறது.

பேட்டர்சன் என்ற பெயருக்குப் போர்ப்புகழ் இல்லையா என்று கேட்கலாம். உண்டு, ஆனால் அது டெக்சஸ் கடற்படை வாங்கிப் பின்னர் அங்கிருந்த ரேஞ்சர்கள் என்ற காவற்படையினர் கைக்கு வந்த பெரிய உறைத் துப்பாக்கி ஈட்டியது. அண்ணன் சம்பாத்தியத்தில் தம்பி மிடுக்காக நடப்பது போன்றதே சிறிய மாதிரியின் பெருமை.

இதற்கு நேர்மாறாக, கோல்ட் பின்னர் செய்த 1849 மாதிரிச் சட்டைப்பைத் துப்பாக்கி .31 அங்குலக் குண்டைச் சுட்டது, குழலின் அடியிலேயே அடைப்புக் கோலைக் கொண்டிருந்தது, 1873 வரை மூன்று லட்சத்துக்கும் மேல் செய்யப்பட்டது. கலிபோர்னியாவின் தங்கவயல் காலத்திலும் அமெரிக்க உள்நாட்டுப் போரிலும் சாமானியர் பையில் இருந்தது அதுதான். அந்தக் காலம் எதற்கு அஞ்சியது, எதை நம்பியது என்று அறிய விரும்புபவர் பார்க்க வேண்டிய சான்றும் அதுவே. சேகரிப்பாளரின் அளவுகோலிலோ, பல்லாயிரம் பேர் ஏற்றுக்கொண்ட கருவி ‘சாதாரணம்’ ஆகிவிட, எவருக்கும் வேண்டாதுபோனது மகுடம் சூடுகிறது.

பொருளின் நிலையை மதிப்பிடும் முறையிலும் இதே கோணல் தொடர்கிறது. உலோகத்தின் மேல் ஏற்றப்பட்ட நீலப் பூச்சு மங்காமல், பெட்டியும் துணைக்கருவிகளும் குறையாமல் இருப்பதற்கே உயர்ந்த விலை தரப்படுகிறது. பயன்படாமல் கிடந்தது மதிப்புப் பெற, ஒருவர் ஆண்டுக்கணக்கில் சுமந்து பிடி தேய்ந்துபோனது தள்ளுபடியாகிறது. வாழ்ந்த தடயத்தைக் குறை என்று கழிக்கும் ஒரு முறை, வரலாற்றின் பெயரால் பேசுவது விந்தை.

போலிகளுக்கும் இந்த அபூர்வ மோகமே வழி திறக்கிறது. பிலடெல்பியாவின் ஹென்றி டெரிஞ்சர் செய்த ஒற்றைக் குண்டுத் துப்பாக்கிகள் ஏராளமாக விற்றவை. அவர் பெயரிலேயே போலிகள் பெருகியதால் அவர் தொடுத்த வழக்கில் கலிபோர்னியா உச்ச நீதிமன்றம் 1865இல் அவருக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தது. இத்தகைய பெருவழக்கான பொருளிலும் அபூர்வத்தைத் தேடுபவர்கள், குழலின் மேல் விற்பனை முகவரின் பெயர் பொறிக்கப்பட்டிருந்தால் கூடுதல் விலை தருகின்றனர். ஒரு முத்திரையைப் பின்னாளில் அடித்துச் சேர்ப்பது வல்ல கைக்குக் கடினமன்று. அன்று வாங்குபவரை ஏமாற்றப் பெயர் போலியாக்கப்பட்டது என்றால், இன்று சேகரிப்பாளரை ஏமாற்ற அபூர்வமே போலியாக்கப்படுகிறது.

1865 ஏப்ரல் 14 அன்று ஆபிரகாம் லிங்கனைச் சுட ஜான் வில்க்ஸ் பூத் பயன்படுத்தியதும் இத்தகைய சாதாரண டெரிஞ்சர்தான். அது இன்று வாஷிங்டனின் ஃபோர்டு அரங்க அருங்காட்சியகத்தில் இருப்பது எண்ணிக்கையில் அரிது என்பதற்காக அன்று. எஞ்சியவை எத்தனை என்பதை எழுதுவதற்கு முன், செய்தவர் ஏன் நிறுத்தினார், வாங்கியவர் யார் என்ற இரண்டையும் ஏலப் பட்டியல்கள் எழுதட்டும். அதுவரை அவற்றின் விலைகளை வரலாற்று மதிப்பீடாக எவரும் கொள்ள வேண்டியதில்லை.