கைக்கூலியும் காதியும்

மாத்தளை மாவட்டத்தின் கிழக்கே, நக்கிள்ஸ் மலைகளை ஒட்டிக் கிடப்பது லக்கல. நெல்லையும் சேனைப் பயிரையும் நம்பி வாழும் உழவர் நாடு அது. பண்டு கண்டி அரசின் எல்லைக்குட்பட்டிருந்த இந்நிலத்தில், சகோதரர் இருவர் ஒரே பெண்ணை மணந்து குடும்பம் நடத்துவதும் வழக்கமாகவே கருதப்பட்டது. 1859இல் ஒரு கட்டளைச் சட்டம் அதனை விலக்கியது. 1952இன் கண்டிய விவாகச் சட்டம் 1995இல் திருத்தப்பட்டு, மண வயது 18 ஆயிற்று. பொது விவாகச் சட்டத்திலும் அவ்வாண்டே அவ்வாறு செய்யப்பட்டது. கண்டியரின் மரபு இதனால் அழிந்துவிட்டதென்று எவரும் ஓலமிட்டதாக நாம் அறியோம்.

1951ஆம் ஆண்டின் 13ஆம் இலக்க முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டத்தை மட்டும் அத்திருத்தம் தொடவில்லை. அதனைத் தொடலாகாது, அது இறைவன் வகுத்த ஷரீஅத் என்கின்றனர் சிலர். அவ்வாறாயின் அச்சட்டம் பிறந்த கதையைச் சற்று ஆராய்வோம்.

ஒல்லாந்தர் பத்தாவியாவிலிருந்து கொணர்ந்த தொகுப்பொன்றைத் தழுவி, ஆங்கிலேயர் 1806இல் முகம்மதியர் சட்டக்கோவையை வெளியிட்டனர். கொழும்பு மாகாணத்துக்கென எழுந்த அக்கோவை, 1852இன் 5ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தால் கண்டிப் பகுதிக்கும் விரிந்தது. மாத்தளைக் கிளர்ச்சி ஒடுக்கப்பட்டு அப்போது நான்கு ஆண்டுகளே கழிந்திருந்தன. லக்கல வரை இச்சட்டத்தைக் கொண்டு சென்றது பேரரசின் ஆணையேயன்றி, எந்த இமாமின் தீர்ப்பும் அன்று. பின்னர் 1929இலும் 1951இலும் அது மீண்டும் எழுதப்பட்டது. மூன்று முறை மனிதர் கைபட்ட ஒன்று நான்காம் முறைக்கு மட்டும் அஞ்சுவானேன்?

இச்சட்டத்தில் ‘கைக்கூலி’ என்னும் நம் தமிழ்ச் சொல் அப்படியே இடம்பெற்றிருக்கிறது. இஸ்லாத்தில் மணமகன் மணமகளுக்கு அளிப்பது மஹர். கைக்கூலியோ பெண் வீட்டாரிடமிருந்து மணமகன் கைக்குச் செல்வது. பெண்ணின் உபயோகத்துக்கென்று சட்டம் அதற்கு நயமாக வரையறை கூறுகிறது! குர்ஆனில் இல்லாத ஊர்வழக்கைச் சட்டத்துக்குள் சேர்க்கத் தயங்காத பெரியோர், மணப்பெண்ணின் கையொப்பத்தை மட்டும் சேர்க்க மறந்தனர். பதிவேட்டில் மணமகன் ஒப்பமிடுகிறான், வலி ஒப்பமிடுகிறார். எவளுடைய வாழ்வு அங்கே தீர்மானிக்கப்படுகிறதோ, அவளுடைய ஒப்பத்துக்கு 1951இன் சட்டம் இடம் வைக்கவில்லை. பன்னிரண்டு வயது நிரம்பாத சிறுமியையும் காதியின் அனுமதியுடன் மணமுடிக்க அது வழி விட்டது. காதி பதவியையோ ஆண்களுக்கே உரியதாக்கியது. இவற்றையெல்லாம் எதிர்த்து அடிப்படை உரிமை கோரவும் இயலாது. பழைய சட்டங்கள் உரிமைகளுக்கு முரணாயினும் செல்லுபடியாகும் என 1978இன் அரசியலமைப்பு, 16ஆம் உறுப்புரையில் அரண் கட்டிவிட்டது.

இந்நாட்டு முஸ்லிம்களிற் பெரும்பாலோர் ஷாபிஈ மத்ஹபினர். அந்த இமாம் ஷாபிஈ ஈராக்கில் ஒரு தீர்ப்பும், எகிப்து சென்றபின் வேறொரு தீர்ப்பும் வழங்கினார் என்பதை எந்த அரபு மத்ரஸா மாணவனும் அறிவான். பழைய கூற்று, புதிய கூற்று என்றே அவை படிக்கப்படுகின்றன. தம் கருத்தைத் தாமே திருத்திய அறிஞரின் பெயரால் எழுத்தைப் பூட்டி வைப்பதை நாம் பக்தி என்று ஏற்பதற்கில்லை. அது கல்வியின் சோர்வு. அச்சோர்வால் ஆதாயம் பெறுவோரும் உளர்.

1956இல் துனீசியா பலதார மணத்தைத் தடுத்தது. 2004இல் மொரோக்கோ மண வயதை 18 ஆக்கியது. இரண்டும் முஸ்லிம் நாடுகளே. இங்கோ, 2009இல் நீதியரசர் சலீம் மர்சூப் தலைமையில் அமைந்த குழு 2018இல் அறிக்கை கொடுத்தது. அதுவும் இரு கூறாகப் பிரிந்தே கொடுத்தது. அவ்வொன்பது ஆண்டுகளில், குழு அமைந்தபோது ஒன்பது வயதாயிருந்த சிறுமி பதினெட்டை எட்டியிருப்பாள்.