சொல் இல்லாத இடத்தின் இசை: எல். வைத்தியநாதன்

தமிழில் திரையிசை வரலாறு என்று எழுதப்படுவது பெரும்பாலும் பாட்டுகளின் வரலாறுதான். எந்த ராகம், யார் பாடியது, எத்தனை நாள் முணுமுணுத்தார்கள் என்பவையே அதன் அளவுகோல்கள். அவற்றால் அளந்தால் எல். வைத்தியநாதன் (1942–2007) ஓரத்தில் நிற்பவர். தந்தை வி. லட்சுமிநாராயணாவிடம் வயலின் கற்ற சகோதரர்கள் மூவரில் மூத்தவர் இவர். தம்பிகள் எல். சுப்பிரமணியமும் எல். சங்கரும் உலக மேடைகளுக்குப் போனார்கள், அண்ணன் ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்து திரைக்கு வந்தார். ஆனால் சொல்லுக்கும் இசைக்கும் இடையே எவ்வளவு தூரம் வேண்டும் என்பதைப் படத்துக்குப் படம் புதிதாக முடிவு செய்தவர் என்ற கோணத்தில் பார்த்தால், அவர் இடம் ஓரமல்ல.

ஹரிஹரன் இயக்கிய ‘ஏழாவது மனிதன்’ (1982) படத்தில் அவருக்குக் கிடைத்தவை பாரதியின் பாடல்கள். பலரும் பாடிப் பழகிய வரிகளுக்கு மெட்டமைப்பதில் ஒரு சிக்கல் உண்டு: வித்தை காட்டினால் கவிதை மறைந்துவிடும், அடங்கிப் போனால் ஒப்புவித்தல் ஆகிவிடும். அவர் மெட்டுகள் கர்நாடக இசையில் வேரூன்றியவை. ஆனாலும் கச்சேரியின் சங்கதிகளை அடுக்காமல் சொல்லின் நடைக்குப் பின்னால் நடக்கின்றன.

ஐந்தாண்டு கழித்து வந்தது சிங்கீதம் சீனிவாசராவின் ‘பேசும் படம்’. வசனமே இல்லாத படத்தில் இசையமைப்பாளர் எல்லா உணர்ச்சியையும் தானே பேசிவிடத் துடிப்பது இயல்பு. இங்கே அது நடக்கவில்லை. பக்கத்துத் திரையரங்கின் சண்டைச் சத்தத்தில் தூங்கிப் பழகிய நாயகனுக்கு நட்சத்திர ஓட்டலின் அமைதியில் தூக்கம் வருவதில்லை. அந்த இரைச்சலை டேப்பில் பதிவுசெய்து வந்து ஓடவிட்ட பிறகே கண் அயர்கிறான். அந்த இடத்தில் வயலின் இழைந்திருந்தால் நகைச்சுவை செத்திருக்கும். ‘அது இயக்குநரின் கற்பனை, இசைக்கு அதில் என்ன பங்கு?’ என்று கேட்கலாம். கற்பனை இயக்குநருடையதுதான். ஆனால் தெருச் சத்தத்துக்கும் டேப்புக்கும் வழிவிட்டு, தேவையான இடத்தில் மட்டும் நுழைவதும் இசையமைப்பு வேலையே. வசனம் இல்லாத படத்தில் ஒரு தப்பான சுரத்தை மறைக்கக்கூட இடமில்லை.

இவையெல்லாம் நுட்பம் தெரிந்தவர்களுக்கு மட்டும் எட்டுபவை, வெகுஜன ரசனைக்கு அல்ல என்ற மறுப்பும் எழலாம். அதற்குப் பதில் தொலைக்காட்சியில் இருக்கிறது. ஆர்.கே. நாராயண் கதைகளைக் கொண்டு ஷங்கர் நாக் இயக்கிய ‘மால்குடி டேஸ்’ தொடரின் தலைப்பிசையில் பாட்டு வரி கிடையாது. ‘தானனா’ என்று அசையும் ஒரு முணுமுணுப்பு, ஆர்.கே. லட்சுமணின் கோட்டோவியங்கள், அவ்வளவுதான். மொழி எதையும் சாராததால் இந்தியா முழுவதும் அதைத் தன் ஊர் மெட்டாக எடுத்துக்கொண்டது. இசையமைத்தவர் பெயர் தெரியாமலே பலர் இன்றும் அதை முணுமுணுக்கிறார்கள். பாட்டைக் கொண்டு மட்டும் எழுதப்படும் வரலாற்றில் விடுபடுவது இந்த முணுமுணுப்புதான்.