பறவைக் குரலில் ஒரு பூட்டு

ஜொனதன் ப்ளோ 2016இல் வெளியிட்ட 'த விட்னெஸ்' எனும் கணனி விளையாட்டை ஒரு பிரதியாகவே வாசிக்கலாம். ஆளில்லாத் தீவு, ஐந்நூறுக்கும் மேற்பட்ட கோட்டுப் புதிர்கள். எப்படி ஆடுவதென ஒரு வரி விளக்கமும் இல்லை.

மூங்கில் காட்டில் வழி அடைபடுகிறது. பலகையை எவ்வளவு உற்றுப் பார்த்தாலும் குறிப்புக் கிடைக்காது. அது பறவைக் குரலில் இருக்கிறது: குரல் ஏறினால் கோடு ஏற வேண்டும், இறங்கினால் இறங்க வேண்டும். இது பிடிபடும் கணம், நல்ல கவிதையொன்று பிடிபடும் கணத்துக்கு எவ்விதத்திலும் குறைந்ததல்ல.

குச்சவெளியில் என்னோடிருந்து விளையாடிய மருமகனுக்குக் காது மந்தம். "மாமா, நான் என்ன பிழை விட்ட?" என்றான். பிழை அவனிடமில்லை. பதினொரு ஒளிக்கற்றைகளில் ஏழை ஏற்றினாலே மலை திறக்கும். ஆகவே காட்டைத் தவிர்த்தும் முடிவைக் காணலாம். மலையடிக் குகைக்கோ பதினொன்றும் வேண்டும். சொல்லாமல் விட்டதைப் படைப்பாளியின் துணிச்சலென்று ஏற்கிறேன். கேட்க முடியாதவருக்குக் காட்சியால் ஒரு மாற்றுவழி வைக்காததை அப்படி ஏற்க முடியவில்லை. அது பெரிய வேலையுமல்ல.

பறவை கூவக் கூவ நான் கையை உயர்த்தித் தாழ்த்திக் காட்டினேன். மூன்றாம் தடவையில் கோட்டைச் சரியாக இழுத்துவிட்டான்.